சம்மாட்டி முத்தமிட்ட கரை

கொழும்பிலிருந்து கார்டு வந்த சனிக்கிழமை அற்புதம்மாளுக்குத் தலைகால் புரியவில்லை. காயப்போட்ட நெத்திலியைக் காக்காய் கொத்தினால் கொத்தட்டும் என்று விட்டுவிட்டு, கார்டை மூன்று தடவை படித்தாள். நாலாவது தடவை படித்ததும் கார்டை மடித்து முந்தானைக்குள் ஒளித்தாள்.

விசயம் இதுதான். இலங்கை ரேடியோவில் ஞாயிற்றுக்கிழமை தோறும் சாயங்காலம் நாலு மணிக்குக் 'கலகலக் கதம்பம்' என்று ஒரு நிகழ்ச்சி. பாட்டு, பலகுரல், மாமன் மருமகன் சண்டை, குட்டி நாடகம் என்று அரை மணி நேரம் விலா எலும்பு வலிக்கச் சிரிக்க வைப்பார்கள். பதினோரு வருசமாக நடக்கிறது. தங்கச்சிமடத்தில் அந்த நேரத்துக்கு எவனும் வலையைத் தொட மாட்டான். தெருவில் குடுமிப்பிடிச் சண்டை போடுகிறவள்கூட, "நாலரைக்கு வாரேன், இங்கனயே இரு" என்று எதிராளியிடம் சொல்லிவிட்டு, பஞ்சாயத்து ரேடியோ முன்னால் வந்து அவள் பக்கத்திலேயே உட்கார்ந்து சிரிப்பாள். அப்பேர்ப்பட்ட கதம்பம் இந்த ஞாயிற்றுக்கிழமையோடு முடிகிறது. மாமனாக நடிப்பவருக்கு வயசாகிவிட்டதாம், வேறு ஆளைப் போட்டு நடத்த மனசில்லையாம். ஊரே ஒப்பாரி வைக்காத குறைதான்.

நேயர்கள் எழுதி அனுப்பும் உண்மைச் சம்பவங்களில் ஒன்றை வாரா வாரம் நாடகமாக நடிப்பார்கள். மடத்துப் பள்ளிக்கூடத்தில் ஐந்தாப்பு வரை படித்த அற்புதம்மாள் ஒன்பது வருசமாக எழுதிக்கொண்டிருக்கிறாள். நூற்றுப் பதினேழு கடுதாசி போயிருக்கிறது. ஒன்றைக்கூட அவர்கள் எடுக்கவில்லை. கொழும்பில் அடுப்பெரிக்கத் தாள் பற்றாமல் கிடக்கிறது போல என்று புருசன் வியாகுலம் கேலி செய்வான். அவள் அசர மாட்டாள். ரேடியோவில் தன் பேர் ஒரே ஒரு தடவை வந்தால் போதும், அந்த நிமிசமே கண்ணை மூடினாலும் சரி என்பாள். மனுசருக்கு ஆயிரம் ஆசை, இவளுக்கு இந்த ஒன்றுதான்.

இப்போது கார்டு வந்துவிட்டது. 'தாங்கள் எழுதிய கச்சத்தீவுப் பயணம், எமது இறுதி நிகழ்ச்சியின் இறுதி நாடகமாக, தாங்கள் குறிப்பிட்ட பெயர்களுடனேயே ஒலிக்கும்.' அந்தப் பெயர்கள்தான் வினையாகப் போயின.

கோயில் பூசையில் இன்னாருக்காகச் செபிக்க வேண்டும் என்று சீட்டு எழுதிக் கொடுத்துப் பழகிய கை அது. ஆளின் பேர், தகப்பன் பேர், தெரு, ஊர் எல்லாம் முழுசாக எழுதாவிட்டால் செபம் வேறு யாருக்காவது போய்ச் சேர்ந்துவிடும் என்று சின்ன வயசிலிருந்து சொல்லி வளர்த்திருந்தார்கள். ரேடியோவுக்கும் அப்படியே எழுதிவிட்டாள். தங்கச்சிமடம் மேலத்தெரு மரியான் மகன் சந்தியாகு சம்மாட்டி என்று, தப்பிக்க ஓர் ஓட்டைகூட வைக்காமல்.

சந்தியாகு யார் தெரியுமா? வியாகுலம் சுக்கான் பிடிக்கும் வள்ளத்துக்குச் சொந்தக்காரர். ஊரில் அவர் செருமினால் பேச்சு நிற்கும். அவருடைய மகன் பெஞ்சமினுக்கும் அற்புதம்மாளின் மகள் மிக்கேலம்மாளுக்கும் கல்யாணம் பேசி முடித்து, மறுநாள் ஞாயிற்றுக்கிழமைக் காலைப் பூசையில் கல்யாண அறிவிப்பின் முதல் ஓலை வாசிக்கப் போகிறார்கள். மூன்று வாரம் வாசித்த பிறகுதான் கல்யாணம். அதற்குள் எந்தப் பக்கமாவது வேண்டாம் என்று சொன்னால் முடிந்தது கதை. மிக்கேலம்மாளோ பெஞ்சமின் பேரைக் கேட்டாலே சோற்றில் உப்பை ரெண்டு தடவை போடுகிற நிலைமையில் இருந்தாள்.

மூன்று வருசத்துக்கு முந்திய சங்கதி அது. கல்யாணப் பேச்சே அப்போது கிடையாது. கச்சத்தீவு அந்தோணியார் திருநாளுக்கு சம்மாட்டி தன் வள்ளத்தில் ஆணும் பெண்ணுமாக இருபத்தோரு பேரை ஏற்றிக்கொண்டு ராத்திரியோடு கிளம்பினார். காற்று செத்துப்போய், நீரோட்டம் இழுக்க ஆரம்பித்தது. திசை மாறுகிறது என்று வியாகுலம் ரெண்டு தடவை சொல்லிப் பார்த்தான். சம்மாட்டி கேட்கவில்லை. கண்ணைக் கட்டிவிட்டால்கூட வாசம் பிடித்தே கச்சத்தீவைக் காட்டுவேன் என்றார். கருக்கலில் ஒரு கரை தெரிந்தது. முதல் ஆளாகக் குதித்தார், முழங்கால் போட்டார், மண்ணை மூன்று தடவை முத்தமிட்டார், 'அந்தோணியாரே, கொண்டாந்து சேர்த்துட்டீரே' என்று கண்ணீர் விட்டார். அந்நேரம் கரைப் பக்கம் ஒதுங்க வந்த ஒரு பெரியவரிடம், பூசை எத்தனை மணிக்கு என்று கேட்டார். பெரியவர் அவரை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, எந்தப் பூசை, இது ஓலைக்குடாவுல்ல என்றார். தங்கச்சிமடம் இருக்கிற சொந்தத் தீவை விட்டே வள்ளம் தாண்டவில்லை. ஆள் ஒதுங்குகிற மண்ணைத்தான் அத்தனை பக்தியாக முத்தமிட்டிருக்கிறார்.

இதை எந்த வாயும் பேசக் கூடாது என்று வள்ளத்தில் இருந்த அத்தனை பேரிடமும் அந்தோணியார் மேல் சத்தியம் வாங்கினார். அற்புதம்மாளும் சத்தியம் பண்ணினாள், வாயைத் திறக்கவும் இல்லை. கைதான் எழுதிவிட்டது. கை சத்தியம் பண்ணவில்லையே என்று அப்போது தன்னைத்தானே சமாதானம் செய்துகொண்டவள், இப்போது அந்தக் கையாலேயே தலையில் அடித்துக்கொண்டாள்.

ஞாயிற்றுக்கிழமை ஓலை வாசித்தாயிற்று. பூசை முடிந்து வெளியே வந்ததும் சம்மாட்டியே நேராக அவளிடம் வந்தார். கடைசி நாடகம் அவள் எழுதியதாமே, தபால்காரர் சொன்னார், ஊருக்கே பெருமை, என்ன கதை என்று விசாரித்தார். மறந்துபோச்சுங்கய்யா என்றாள். மறக்கிற அளவுக்கா எழுதித் தள்ளியிருக்கே என்று சிரித்துக்கொண்டே போனார். அவள் வீட்டுக்கு நடந்தபடியே கணக்குப் போட்டாள். நாலு மணிக்கு அந்த ரேடியோ பேசினால் மகள் வாழ்க்கை போச்சு. பேசாவிட்டால் ஒன்பது வருசம் போச்சு. இனிமேல் எழுத நிகழ்ச்சியும் கிடையாது.

பெற்ற வயிறு ஜெயித்தது. பஞ்சாயத்து குமாஸ்தா பூமிநாதன், பரமக்குடிக்காரர், மத்தியானம் சாப்பிடப் போகையில் ரேடியோ அறைச் சாவியை ஜன்னல் ஆணியில் மாட்டிவிட்டுப் போவார். ஊருக்கே தெரிந்த ரகசியம் அது. அற்புதம்மாள் மீன்கூடையோடு உள்ளே போனாள். ரேடியோவை ஓட்டுகிற பாட்டரியைக் கழற்றிக் கூடைக்குள் இறக்கி, மேலே ரெண்டு கை நெத்திலிக் கருவாட்டைப் பரப்பித் தலையில் தூக்கினாள். சும்மா சொல்லக் கூடாது, சரியான பாரம். வழியில் ரெண்டு பேர் கருவாடு கேட்டார்கள். விற்றுப்போச்சு என்று சொல்லிவிட்டுக் கழுத்து நடுங்க வீடு வந்து சேர்ந்தாள்.

மூன்றரைக்கெல்லாம் பஞ்சாயத்துத் திடல் நிறைந்துவிட்டது. பாம்பனிலிருந்துகூட ஆட்கள் வந்திருந்தார்கள். கடைசி நிகழ்ச்சியல்லவா, திருநாள் மாதிரி பொம்பளைகள் பூ வைத்துக்கொண்டு வந்திருந்தார்கள். சம்மாட்டி வெள்ளை வேட்டியும் புதுத் துண்டுமாக முன்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். பூமிநாதன் கதவைத் திறந்தார், உள்ளே போனார், போன வேகத்தில் வெளியே வந்தார். முகத்தில் ஈயாடவில்லை. பாட்டரியைக் காணோம் என்றார்.

கூட்டம் கொந்தளித்தது. எவனோ வேறு ரேடியோ தேடிப் பாலம் தாண்டி மண்டபம் ஊருக்கு ஓடுவோம் என்றான், அதற்குள் நிகழ்ச்சி முடிந்துவிடும் என்றான் இன்னொருத்தன். பூமிநாதனைச் சட்டையைப் பிடிக்காத பாக்கி. சம்மாட்டி மட்டும் நாற்காலியை விட்டு எழவில்லை. துண்டை எடுத்து முகத்தைத் துடைக்கிற மாதிரி கண்ணைத் துடைத்தார். பெண்டாட்டி செத்த வருசம்கூட இந்த ரேடியோதான் தன்னை உட்கார வைத்துச் சோறு தின்ன வைத்தது என்று மகனிடம் மெதுவாகச் சொன்னார். பின்னால் உட்கார்ந்திருந்த அற்புதம்மாள் காதில் அது விழுந்தது. அவளால் தாங்க முடியவில்லை. அவரை நினைத்தும் தாங்க முடியவில்லை, தன்னை நினைத்தும் தாங்க முடியவில்லை.

"பாட்டரி என் வீட்டுல இருக்கு" என்று எழுந்து நின்றாள்.

ஏன், எப்படி என்று கேட்க யாருக்கு நேரம்? பெஞ்சமின் ஓட்டமாக ஓடிக் கருவாட்டு வாடையோடு அதைத் தூக்கி வந்தான். பூமிநாதன் அதை மாட்டினார். கரகரவென்று இரைந்து, அப்புறம் தெளிந்து, 'வணக்கம் நேயர்களே' என்று வந்ததும் திடலே கை தட்டியது.

பாட்டு வந்தது. பலகுரல் வந்தது. மாமனும் மருமகனும் கடைசியாக ஒரு தடவை சண்டை போட்டார்கள், சிரித்துக்கொண்டே ஜனங்கள் அழுதார்கள். அற்புதம்மாள் மகள் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். நாலேகாலுக்கு அறிவிப்பு வந்தது. தங்கச்சிமடம் மேலத்தெரு மரியான் மகன் சந்தியாகு சம்மாட்டியின் கச்சத்தீவுப் பயணம்.

திடல் திரும்பி சம்மாட்டியைப் பார்த்தது. முதலில் அவர் நெஞ்சை நிமிர்த்தினார். தன் பேர் கடல் தாண்டி வருகிறதே என்று மீசையைத் தடவினார். வாசம் பிடித்தே காட்டுவேன் என்று ரேடியோ சம்மாட்டி யாழ்ப்பாணப் பேச்சில் அளந்துவிட ஆரம்பித்ததும், தடவின கை அப்படியே நின்றது. வள்ளத்தில் போனவர்கள் அங்கங்கே துண்டை வாயில் திணித்துக்கொண்டார்கள். முத்தமிடும் சத்தம் மூன்று தடவை கேட்டது. பூசை எத்தனை மணிக்கு என்ற கேள்வியும், இது ஓலைக்குடா என்ற பதிலும் வந்ததுதான் தாமதம், முதல் ஆளாக வெடித்தது யார் என்கிறீர்கள்? பெஞ்சமின். பெற்ற மகன். அவனுக்குப் பின்னால் திடலே உடைந்தது. ஆளுக்கு ஆள் மேல் விழுந்து, மண்ணில் புரண்டு, மூச்சு வாங்கிச் சிரித்தார்கள். ரேடியோ அப்புறமும் என்னவோ பேசியது, ஒருத்தருக்கும் ஒரு எழுத்து கேட்கவில்லை. சிரிப்பு அடங்கும்போது வாத்தியம் மட்டும் வாசித்துக்கொண்டிருந்தது. பதினோரு வருசக் கதம்பம் முடிந்துவிட்டது.

சம்மாட்டி எழுந்து நின்றார். அற்புதம்மாள் கூட்டத்தை விலக்கிக்கொண்டு அவர் முன்னால் போய் நின்றாள். எழுதினது நான், என்னை என்ன வேண்டுமானாலும் சொல்லுங்கள், பிள்ளைகளை விட்டுவிடுங்கள் என்றாள்.

"மூணு வருசம், அற்புதம்" என்றார் அவர். "எந்தக் கடைக்குள்ள நுழைஞ்சாலும் பேச்சு நிக்கிது. எல்லாரும் சிரிப்ப முழுங்குறது எனக்குத் தெரியாதா? அன்னிக்கி வள்ளத்துலயே ஒருத்தராச்சும் சிரிச்சிருந்தா, நானும் சேந்து சிரிச்சிட்டு வந்திருப்பேன்."

நீங்கள்தானே சத்தியம் வாங்கினீர்கள் என்று வியாகுலம் மென்று விழுங்கினான். வாங்கினது என் கிறுக்குத்தனம்தான் என்றார் சம்மாட்டி. சொல்லும்போதே உதடு கோணியது. அடக்கிப் பார்த்தார், முடியவில்லை. நாற்காலியில் தொப்பென்று உட்கார்ந்து, தொடையில் அடித்து அடித்து, கண்ணில் நீர் வரச் சிரித்தார். அந்த மனுசர் அப்படிச் சிரித்து ஊரில் யாரும் பார்த்ததில்லை.

அவர் ஓய்ந்த பிறகு அற்புதம்மாள் கேட்டே விட்டாள். அடுத்த ஞாயிறு ரெண்டாவது ஓலையை வாசிக்கச் சொல்லவா, வேண்டாமா? வாசிக்காமல் பின்னே என்ன, முன் வரிசையில் உட்கார்ந்து நானே கேட்பேன் என்றார். அவளுக்கு உசுர் திரும்பி வந்தது. வந்த உடனே, கேடுகெட்ட அந்த ஆசையும் கூடவே வந்தது. சுற்றி நின்றவர்களைப் பார்த்தாள்.

"கடைசியில என் பேரச் சொன்னாகளா? இந்தச் சத்தத்துல எனக்குக் கேக்கல."

ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்தார்கள். யாருக்குமே கேட்கவில்லை. அவள் முகம் சுருங்கிப்போயிற்று. ஒன்பது வருசம் காத்திருந்தவள் காதில் விழாமல் போய்விட்டதே என்று மிக்கேலம்மாளுக்கே அழுகை வந்தது.

"எனக்குக் கேட்டுச்சு" என்றார் சம்மாட்டி. "அப்ப இங்கன சிரிக்காம இருந்தது நான் ஒருத்தன்தான். எழுதி அனுப்பியவர் தங்கச்சிமடம் வியாகுலம் மனைவி அற்புதம்மாள். அப்படித்தான் சொன்னாக, சம்பந்தி. ரெண்டு தடவ சொன்னாக."