டேப்பில் வந்த சிரிப்பு

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், தி.நகர் வீட்டின் சாப்பாட்டு மேசையில் டேப் ரெக்கார்டரை வைத்து வயரைச் சொருகினார் ஷரஃபுதீன். லண்டனில் இந்த வீட்டுப் பிள்ளை ஜவஹரோடு ஒரே அறையில் தங்கியிருப்பவர்; லீவில் வந்திருந்தார். மெட்ராஸில் யாரும் டெலிவிஷனைக் கண்ணால் கண்டிராத காலம். பார்க்கத்தான் முடியாது, கேட்கட்டுமே என்று ஜவஹர் தன் நிகழ்ச்சியை டேப்பில் பிடித்துக் கொடுத்தனுப்பியிருந்தான். சட்டம் படிக்கப் போனவன் நாடகம் கீடகம் என்று அலைகிறானே என்று பேச்சையே நிறுத்தியிருந்த சுயம்புலிங்கம், மகன் டெலிவிஷனில் வருகிறான் என்றதும் இறங்கிவந்துவிட்டார். பெற்ற மனசு, வேறென்ன செய்யும்? அவர் மனைவி சுந்தரவல்லி கேசரியே கிளறிவிட்டாள்.

வாராவாரம் அரசாங்கத்தைக் கிழித்துத் தொங்கப்போடுகிற நிகழ்ச்சியாம். நம் ஆட்களை உள்ளே விடாமலிருக்கப் போட்ட புதுச் சட்டத்தைத்தான் இதில் கேலி செய்கிறார்கள் என்றார் ஷரஃபுதீன். விமான நிலையத்தில் மந்திரியே நின்று குடைந்து குடைந்து கேள்வி கேட்பார். மூட்டையோடு வந்திறங்கும் ஜவுளிக்கடைக்காரன் வேஷம்தான் ஜவஹருக்கு.

டேப் சுற்றியது. "வெரி குட் குவாலிட்டி சார், கைண்ட்லி ஸீ சார்" என்று ஜவஹர் வாயைத் திறந்ததுமே கூட்டம் கொல்லென்று சிரித்தது. மந்திரி இன்னும் ஒரு வார்த்தை பேசவில்லை. கேலி மந்திரியைத்தான் என்றால், இவன் குரலுக்கு எதற்குச் சிரிப்பு?

சுந்தரவல்லிக்கு முகமெல்லாம் பல். "ஏங்க, அச்சு அசல் நீங்க கடையில பேசுத மாதிரியே இருக்கு!"

அவருக்கும் அது தெரிந்துவிட்டிருந்தது. ஆறாம் வகுப்போடு கடைக்கு வந்தவர், வெள்ளைக்காரர்களிடம் துணி விற்று விற்றே பழகிக்கொண்ட இங்கிலீஷ். அந்த வியாபாரம்தான் மகனைக் கப்பலேற்றியது. ஷரஃபுதீன் தலையைக் குனிந்துகொண்டார்.

"எல்லாரும் இப்படிச் சிரிக்காவளே, என்னதாங்க சொல்லுதான்?"

"மந்திரியவே மடக்கிட்டாம்லா."

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, இன்னொரு தடவை போடச் சொன்னாள். இந்த முறை கூட்டம் சிரித்த இடத்திலெல்லாம் அவளும் சிரித்தாள். அவள் திரும்பிப் பார்க்கவும் அவரும் சிரித்துவைத்தார்.

மறுநாள் கடைக்கு ஒரு வெள்ளைக்காரத் தம்பதி வந்தார்கள். வழக்கம்போல், முதலாளி பேசட்டும் என்று கடை ஆட்கள் ஒதுங்கி நின்றார்கள். சுயம்புலிங்கம் கும்பிட்டார். ஒரு பட்டுச் சேலையை எடுத்து விரித்தார். அந்தம்மா ஏதோ கேட்டாள். அவர் வாய் திறந்து, மூடிக்கொண்டது. இன்னொரு சேலையை எடுத்து விரித்தார். அதன்மேல் இன்னொன்று.