மேட்டு பங்களாவில் கலர் பல்பு

துரை மகளுக்குக் கல்யாணம்னா நமக்கென்னன்னுதான் இருந்தேன். மலேயாவுல ரெங்கம் பக்கத்து ரப்பர் தோட்டம் எங்களுது. துரையோட மேட்டு பங்களாவச் சுத்தி மரத்துக்கு மரம் செவப்பும் மஞ்சளுமா பல்பு கட்டினாங்க. பல்பு எரிஞ்ச மொத நாளு, கூலிங்க குடியிருக்கிற லயத்துச் சனமே வாயப் பொளந்துகிட்டு நின்னுச்சு. என் பொண்டாட்டி பேச்சியம்மாவும், "அடேயப்பா, என்னா வெளிச்சம்!"ன்னா. எனக்கும் சந்தோசந்தான், பொய் சொல்வானேன்?

நான் பெரட்டு மணி அடிக்கிறவன். விடியறதுக்கு முன்ன நான் அடிச்சாத்தான் பேர் கூப்பிட்டு, பால்வெட்டுக்கு ஆள் கெளம்பும். எனக்குக் கடியாரம் யாரு கொடுத்தா? சேவல் கூவினா எந்திரிப்பேன். முந்தின மாசம் மழையில ஒருநாள் பிந்திட்டேன். "இன்னொருவாட்டி பிந்தினே, பொண்டாட்டியக் கூட்டிக்கிட்டு எடத்தக் காலி பண்ணு"ன்னு கங்காணி வேலு கத்தினான்.

அன்னிக்கு ராத்திரி அந்த வெளிச்சத்துல சேவலுங்களுக்குப் புத்தி பெசகிப்போச்சு. ஒண்ணு கூவ, லயத்துல உள்ளதெல்லாம் கூவுச்சு. அலறியடிச்சு எந்திரிச்சேன். மேட்டுப்பக்கம் வானம் செவந்து கெடந்துச்சு. போச்சுடா, பிந்திட்டோம்னு ஓடிப்போயி கை வலிக்க மணி அடிச்சேன்.

கடியாரம் வச்சிருந்த ஆபீசு கணக்கெழுதுற கிராணி பங்களா விருந்துல இருந்தாரு. கங்காணி தூக்கக் கலக்கத்துல லாந்தரப் புடிச்சுப் பேர் கூப்பிட்டான். எல்லாரும் அவங்கவங்க வெட்டுற மர நெறைக்குப் போனாங்க. பேச்சியம்மாவுக்குக் காட்டோர நெற.

பால் வெட்டுறதுக்கு வெளிச்சம் வரவே இல்ல. ஏமாந்தது தெரிஞ்சு சனமெல்லாம் என்னைத் திட்டிக்கிட்டே திரும்புச்சு. பேச்சியம்மா மட்டும் வரல. "வெட்டாமத் திரும்பினா எம் புருசனத்தான் ஏசுவாங்க, விடியட்டும்"னு உக்காந்துட்டாளாம். பக்கத்து நெற செல்லம் வந்து சொன்னா. போய்க் கூட்டியாந்திருக்கலாம். மறுபடி மணிக்குப் பிந்திட்டா என்ன பண்றதுன்னு பயந்து, மணியடியிலயே நின்னேன். படுபாவி!

விடிஞ்சு போனா, பால்வாளி மட்டும் கெடந்துச்சு. புலித்தடம் ஓடை வரைக்கும் போயிருந்துச்சு.

போலீஸ்காரன் வந்தான். சனம் சேவலச் சொன்னுச்சு. துரை புலியச் சொன்னாரு. பல்ப யாரும் சொல்லல. "மணி அடிச்சவன் நான், எழுதிக்குங்க"ன்னேன். "புலி அடிச்சதுக்கு ஒம் பேரு எதுக்குய்யா?"ன்னு கிராணி என்னை வெளிய போகச் சொல்லிட்டாரு.

கல்யாணத்துக்கு இன்னும் ரெண்டு நாள் பாக்கி. பொழுது சாஞ்சதும் மேட்டுல மறுபடியும் பல்பு எரிஞ்சுச்சு. கங்காணி வந்து, "பாவம்யா"ன்னு ஒரு வார்த்த சொன்னான். அப்புறம், "காலயில பெரட்டு இருக்கு, பிந்திராத"ன்னான்.

"சரிங்க"ன்னு தலையாட்டினேன். என்னைச் செருப்பால அடிக்கணும்.