சலவைக்கடை வீட்டுக் கழுத்து

தெருவில் யார் எத்தனை நாளுக்கு ஒருமுறை குளிக்கிறார்கள் என்ற கணக்கு காலரம்மாவுக்கு அத்துப்படி. சலவைக்கடை அவளுடையது. வந்த சட்டையை மேசையில் விரிப்பாள், காலரை மட்டும் திருப்புவாள், மூக்கை லேசாகச் சுளிப்பாள். அவ்வளவுதான், வங்கி மேலாளரே ஆனாலும் கூனிக்குறுகிப் போவார். கடை வாசலில் பெரிய பலகை வேறு: 'எங்களிடம் போகாத கறை இல்லை.'

அப்பேர்ப்பட்டவளின் ஏழு வயதுப் பிள்ளைக்குக் கழுத்தெல்லாம் கறுத்துக் கிடந்தால் தெரு சும்மா இருக்குமா? முதலில் பள்ளிக்கூடத்து வகுப்பாசிரியை சீட்டு அனுப்பினார்: 'குழந்தையைக் குளிப்பாட்டி அனுப்பவும்.' அதே வாரம் இரண்டு வாடிக்கையாளர்கள் தங்கள் வெள்ளைச் சட்டைகளை அடுத்த தெருக் கடைக்குக் கொண்டுபோனார்கள். பலகையின் மானம் ஊசலாடத் தொடங்கியது.

பிள்ளையைக் குளிப்பாட்டும் உத்தியோகம் அதுவரை புருஷனிடம் இருந்தது. சீட்டு வந்த அன்றே அவரை வேலையிலிருந்து தூக்கிவிட்டுத் தானே பிரஷ்ஷும் கையுமாக இறங்கினாள். பிள்ளை போட்ட கூச்சல் மூன்று வீடு தள்ளிக் கேட்டது.

"அம்மா, நான் சட்டை இல்லம்மா!"

துண்டில் மீன் செதில் மாதிரி ஏதோ உதிர்ந்ததே தவிர, கறுப்பு அப்படியே குந்தியிருந்தது.

செய்தி கேட்டு நாத்தனார் வந்து சேர்ந்தாள். துக்கம் விசாரிக்க வந்தவள் மாதிரி முகம், உள்ளே ஒரே குதூகலம்.

"ஊர்ச் சட்டையெல்லாம் வெளுத்துத் தள்ளுறீங்க அண்ணி, நம்ம புள்ள கழுத்து மட்டும் இப்படியா?"

"எல்லாம் உங்க பக்கத்துத் தோலு! எங்கண்ணனைப் பாரு, கழுத்துல போடுற மப்ளரே வாரத்துக்கு ஏழு. எங்க பக்கமிருந்து இது வந்துச்சுன்னு எவனாச்சும் சொல்லட்டும், அந்தப் பலகைய நானே கழட்டி வெச்சுடறேன்."

"சாட்சி நானு" என்றாள் நாத்தனார், வாய்கொள்ளாச் சிரிப்போடு.

தோல் மருத்துவர் பிள்ளையின் ரத்தத்தைச் சோதனைக்கு அனுப்பினார். முடிவு கேட்கக் குடும்பமே திரண்டு போனது. புருஷன் போனார், சாட்சி போனாள், மருமகன் மேல் உயிரையே வைத்திருக்கும் மப்ளர் மாமாவும் போனார். காலரம்மாவைவிடப் பன்னிரண்டு வயது மூத்த அண்ணன் அவர். அவளுக்கு விவரம் தெரிந்த நாள் முதல் அவர் கழுத்தில் மப்ளர் இல்லாமல் அவள் பார்த்ததே இல்லை. அது பெரிய மனுஷ ஸ்டைல் என்று அவளுக்கு ஒரே பெருமை.

"இது அழுக்கே இல்லம்மா" என்றார் மருத்துவர். "தோல்ல பழைய செல்லுங்க தினமும் உதிரணும். அதுக்கு நடுவுல இருக்கற கொழுப்புல சல்ஃபேட் ஒட்டிக்கிட்டு இருக்கும். அதைக் கழட்டி விடறதுக்குன்னே ஸ்டீராய்டு சல்ஃபடேஸ்னு ஒரு என்சைம் உண்டு. உங்க பையனுக்கு அது வேலை செய்யல. அதான் செல்லெல்லாம் உதிராம அடுக்கடுக்கா நிக்குது. பயப்பட ஒண்ணுமில்ல. தேய்க்காதீங்க, கிரீம் தடவுங்க."

காலரம்மா யோசித்தாள். "அப்போ உள்ள வெளுக்கற ஆள் லீவுங்கறீங்க."

"நிரந்தர லீவு."

நாத்தனாருக்கு இருப்புக்கொள்ளவில்லை. "யாரு வழியா வந்துச்சு டாக்டர்?"

"அனேகமா அம்மா வழிதான். அம்மாவுக்கு வெளில ஒண்ணும் தெரியாது, அவங்க வீட்டு ஆம்பளைங்களுக்குத்தான் தோல்ல தெரியும். பிரசவ வலி வரத் தாமதமாச்சா? அதுவும் இந்த என்சைம் குறையறதால நடக்கும்."

பத்து நாள் தள்ளித்தான் வலி வந்தது. பிள்ளை அப்பனை மாதிரிச் சோம்பேறி என்று அதற்கும் அவள் ஏழு வருஷமாகப் புருஷனைத்தான் திட்டிக்கொண்டிருந்தாள். புருஷன் இப்போது முதல்முறையாக நாற்காலியில் நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தார்.

"எங்க வீட்டு ஆம்பளைங்களா? இதோ எங்கண்ணன்..." என்று திரும்பியவள் பாதியில் நின்றாள். அண்ணன் மின்விசிறியை அண்ணாந்து பார்த்தபடி மப்ளரை இன்னொரு சுற்று இறுக்கிக்கொண்டிருந்தார்.

"மாமா, உங்களையும் பிரஷ்ஷால தேச்சாங்களா?" என்றது பிள்ளை.

மாமாவுக்கு அதற்குமேல் தாங்கவில்லை. மெதுவாக மப்ளரைச் சுற்றுச் சுற்றாகக் கழற்றினார். அச்சு அசலாக அதே கழுத்து.

"எங்கம்மா செங்கல்லால தேச்சாங்கடா. அதுக்கு அப்புறம்தான் இதைப் போட ஆரம்பிச்சேன்."

"அண்ணே! என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?"

"வாரம் ஏழு மப்ளர் உன் மேசையிலதானே போட்டேன்? நீ காலரைத்தான் திருப்பிப் பாக்கறே, மப்ளரைத் திருப்பினியா?"

காலரம்மா அந்த மப்ளரை வாங்கித் திருப்பிப் பார்த்தாள். கடை வரலாற்றில் அது முதல் தடவை.

சாயங்காலம் அவள் முக்காலியைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு வந்தபோது எதிரே நாத்தனார் தயாராக நின்றிருந்தாள். "ஏணி வேணுமா அண்ணி?" பலகை இறங்கியது. குளிப்பாட்டும் உத்தியோகம் கிரீம் டப்பாவோடு புருஷனிடமே திரும்பியது. வகுப்பாசிரியைக்குப் பதில் சீட்டும் போனது: 'குளிப்பாட்டித்தான் அனுப்பியிருக்கிறேன். சந்தேகம் இருந்தால் இவன் மாமாவையும் அனுப்பி வைக்கிறேன்.'

மறுநாள் காலை கடை வாசலில் மாமாவும் மருமகனும் கிரீம் தடவிய கழுத்து பளபளக்க உட்கார்ந்திருந்தார்கள், மப்ளர் இல்லாமல். அவர்கள் தலைக்கு மேலே பலகை மறுபடியும் ஏறியிருந்தது. சொன்ன சொல்லை மீறிவிட்டாள் என்று நாத்தனார் பாய்ந்து வந்தாள். வந்தவள் கீழே புதிதாக எழுதியிருந்த ஒரு வரியைப் படித்துவிட்டு, கொண்டுவந்த துணி மூட்டையை மேசையில் வைத்தாள்.

'எங்களிடம் போகாத கறை இல்லை. துணிக்கு மட்டும்.'