மூடியிலிருந்த ஜன்னல்

ஓனுகியின் சவப்பெட்டி இறுதிச்சடங்கு மண்டபத்தில் இருந்தது. நாற்பது வருடங்களுக்கு முன் ஜப்பானியத் தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் வீரனின் முகமூடிக்குள் இருந்து சண்டையிட்டவர் அவர். முகமூடி இல்லாத காட்சிகளில் நடித்தவர் முராசே. திரையில் முராசேயின் பெயர் மட்டுமே வந்தது.

அஞ்சலியாகச் சாம்பிராணித் தூள் இட்டுத் திரும்பிய முராசேயை ஒரு நரைத்த ரசிகர் மடக்கினார்.

“அணைக்கட்டு மேலேருந்து குதிச்சீங்களே சார், இன்னும் கண்ணுக்குள்ளயே நிக்குது!”

யார் இதைச் சொன்னாலும் முராசே சிரித்துத் தலைகுனிவார். இன்றும் குனியப்போனார். பக்கத்தில் ஓனுகியின் மகள் நின்றிருந்தாள்.

“அன்னைக்குத்தான் அப்பாவுக்குக் கால் உடைஞ்சுது,” என்றாள் மெதுவாக. “ஆஸ்பத்திரிக்குப் பழம் வாங்கிட்டு வந்தீங்க. இன்னைக்காவது சொல்லுங்க மாமா.”

முராசே ரசிகர் பக்கம் திரும்பினார்.

“நான் குதிக்கல. ஏணில ஏறினாலே எனக்குக் கால் நடுங்கும்.”

“அப்போ குதிச்சது யாரு சார்?”

முராசே அவரைப் பெட்டியருகே அழைத்துப்போனார். இறந்தவரின் முகம் பார்க்க மூடியில் வைத்திருந்த சிறு ஜன்னலைத் திறந்தார்.

“இவருதான். நல்லாப் பாருங்க.”

ரசிகர் குனிந்து பார்த்தார். பிறகு மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, மறுபடியும் பார்த்தார்.