நீக்கப்பட்ட காட்சி

கலெக்டருக்குப் போகவேண்டிய மனுவை ஆராவமுதன் சொல்லச் சொல்ல, அவன் மனைவி வத்ஸலா எழுதிக்கொண்டிருந்தாள். சின்ன காஞ்சிபுரத்தில் அவள் கையெழுத்துக்கு இணை கிடையாது. வாத்தியாரான அவனுடையதோ கோணல். ஊரில் நாடகக் கம்பெனி வந்து கொட்டகை போட்டு இரண்டு வாரம் ஆகியிருந்தது. மூன்றாம் அங்கத்தில் புருஷன் பெண்டாட்டியை அடித்தே கொல்கிறான்; அதை மேடையிலேயே காட்டுகிறார்கள்; குடும்ப ஸ்திரீகள் பார்க்கத் தக்கதல்ல என்பது நன்னெறி சபையின் புகார். சபைக்கு ஆராவமுதன்தான் காரியதரிசி.

"'இத்தகைய கொடுமை நம் இல்லங்களில் நடவாதது'ன்னு எழுது."

வத்ஸலாவின் பேனா நின்றது. அக்கா சூடாமணியின் உடம்பைக் குளிப்பாட்டியபோது தண்ணீர் மொண்டு ஊற்றியவள் அவள். முதுகைப் பார்த்தவள். விஷ ஜுரம் என்றார் அக்காவின் புருஷன், அத்திம்பேர். திருப்புட்குழியிலிருந்து அம்மா வண்டி பிடித்து வருவதற்குள் எடுத்துவிட்டார்கள்.

"அக்காவுக்கு ஜுரமே வரலை. உங்களுக்கும் தெரியும்."

ஆராவமுதன் கெட்டவனில்லை. அவள்மேல் ஒருநாளும் கை ஓங்கியதில்லை. மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வெகுநேரம் துடைத்தான்.

"தெரியும். கொட்டகையில போட்டுக் காட்டினா போனவ திரும்பி வந்துடுவாளா? எழுதும்மா."

எழுதினாள்.

பத்து நாள் கழித்து அம்மா நாமகிரி வந்து இறங்கினாள். காலைக்கூட அலம்பவில்லை.

"பொம்மனாட்டிகளுக்குன்னு பகல் ஆட்டம் இருக்காமே. என்னை அழைச்சுண்டு போ."

"எதுக்கும்மா அதெல்லாம்?"

"ஜுரம்னு சொன்னா. நான் நம்பலைடி. கடைசியில என்ன சொன்னாளோ, யாரைக் கூப்பிட்டாளோ, ஒண்ணும் தெரியலை எனக்கு. அதுல அப்படியே காட்டறாளாமே."

காட்சியை நீக்கச்சொல்லி முந்தின நாள்தான் உத்தரவு வந்திருந்தது. அதைச் சொல்ல வத்ஸலாவுக்கு வாய் வரவில்லை. அழைத்துக்கொண்டு போனாள்.

மூன்றாம் அங்கத்தில் புருஷன் வீட்டுக்குள் வந்தான். கதவைச் சாத்தினான். அம்மா வத்ஸலாவின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். திரை விழுந்தது. மறுபடி ஏறியபோது அது நீதிமன்றம்; அவன் கூண்டில் நின்றிருந்தான்.

"நடுவுல கண்ணசந்துட்டேனா நான்?"

"இல்லைம்மா."

"பின்னே அவ எப்போ செத்தா?"

மனு எழுதிய கையை வத்ஸலா அம்மாவின் பிடியிலிருந்து விடுவித்துக்கொள்ளவில்லை.

ஆட்டம் முடிந்தது. பெண்கள் புடவையை உதறிக்கொண்டு எழுந்து போனார்கள். அம்மா பாயைவிட்டு எழவில்லை. திரையில் ஒரு தாமரைக்குளம் வரைந்திருந்தது. காற்றில் திரை அசைந்தபோதெல்லாம், ஏறப்போகிறது என்று அவள் முன்னால் குனிந்தாள்.