கறுப்புக் கூரை போட்ட பஸ்

பஸ்ஸை வாசலிலிருந்து எடுத்துவிடலாம் என்று முதலில் சொன்னவள் சகாயமேரிதான்.

“தக்காளி வண்டிங்க திரும்ப எடமில்ல யுவா. நேத்துகூட ஒரு டெம்போ பின்னால வந்து செவுத்துல இடிச்சிடுச்சி. அது சும்மாதான நிக்குது?”

யுவராணி எட்டிப் பார்த்தாள். அலுவலக அறையின் ஜன்னலுக்கு வெளியே அவர்கள் இருவருடைய தக்காளி உலர்த்தும் கூடங்கள் வெயிலில் பளபளத்தன. அவற்றுக்கு முன்னால், இருக்கிற இடத்தையெல்லாம் அடைத்துக்கொண்டு, சக்கரம் இல்லாமல், கூரை முழுக்கக் கறுப்புப் பெயின்ட் பூசிய பழைய பஸ் நின்றது. கூடங்கள் கட்டிய பிறகு அதற்குள் யாரும் தக்காளி பரப்புவதில்லை. மேரி சொன்னதில் தவறு எதுவும் இல்லை. ஆனாலும் அன்று மத்தியானம் யுவராணிக்குச் சோறு இறங்கவில்லை.

அந்தப் பஸ்ஸில்தான் இருவரும் சிநேகிதிகள் ஆனார்கள். மாரண்டஹள்ளியிலும் சுற்று ஊர்களிலும் பெண்களை ஏற்றிக்கொண்டு விடியற்காலையில் ஓசூருக்குப் போகும் கம்பெனி பஸ் அது. போகும்போது எல்லோரும் தூங்குவார்கள். திரும்பும்போதுதான் கச்சேரி. யாரை மாப்பிள்ளை வீட்டார் பார்த்துவிட்டுப் போனார்கள், எந்த சூப்பர்வைசர் யாரைத் திட்டினான் என்று ஒரே பேச்சு. ராயக்கோட்டை வரும்போது யாராவது பாட ஆரம்பித்துவிடுவார்கள். டிரைவர் தன் முருகன் படத்துக்குத் தினமும் சாமந்திச் சரம் போடுவார். அதன் பக்கத்தில் மேரி ஒரு வேளாங்கண்ணி மாதா ஸ்டிக்கரை ஒட்டியபோது, “இருக்கட்டும்மா, நம்ம பிரேக்குக்கு ரெண்டு பேரு காவல் இருந்தாலும் பத்தாது” என்றார். பஸ் முழுக்கச் சிரித்தது.

கொரோனா வந்தது. பஸ் நின்றது. ஊரடங்கு முடிந்த பின்னும் கம்பெனி அவர்களைத் திரும்பக் கூப்பிடவில்லை.

வீட்டில் இருந்த அந்த மாதங்களில் யுவராணி அன்றாடம் பார்த்தது சித்தப்பா ராஜாமணியின் தக்காளித் தோட்டத்தைத்தான். பறிக்கிற கூலிக்குக்கூட விலை போகவில்லை என்று பழத்தைச் செடியிலேயே விட்டிருந்தார். வெடித்து, ஈ மொய்த்து, தோட்டம் முழுக்கப் புளித்த வாடை.

“மாட்டுக்குப் போட்டாக்கூட மோந்து பாத்துட்டுப் போயிடுதும்மா” என்றார் ராஜாமணி. அதைச் சொல்லும்போது அவர் அவள் முகத்தைப் பார்க்கவில்லை.

கம்பெனி கேன்டீனில் சூப்புக்குப் போடுகிற உலர்ந்த தக்காளித் துண்டுகளை யுவராணி பார்த்திருக்கிறாள். எங்கிருந்தோ மூட்டையில் வரும். நம் ஊர்த் தக்காளியை நாமே காயவைத்தால் என்ன என்று மேரியிடம் கேட்டாள். சித்தப்பா தோட்டத்துப் பழத்தை அரிந்து, உப்புத் தடவி, மொட்டைமாடியில் கொசுவலை விரித்துக் காயப்போட்டார்கள். பகலெல்லாம் மேகமும் காலையில் பனியுமாக இருந்த காலம். ஒவ்வொரு தடவையும் பூசணம் பிடித்தது. ஒரு தடவை குரங்கு தின்றது. மேரியின் மாமியார், “வூட்ட நாறடிக்காம ரெண்டு பேரும் வேற வேல பாருங்கடி” என்று சத்தம் போட்டார்.

ஒருநாள் அந்த டிரைவர் போன் செய்தார். பஸ்ஸைக் கழித்துவிடப்போகிறார்கள், உங்கள் பைகள் உள்ளே கிடக்கின்றன, வந்து எடுத்துக்கொள்ளுங்கள் என்றார். ரைஸ்மில் பின்னால் பொட்டல்வெளியில் பஸ் நின்றிருந்தது. கதவைத் திறந்ததும் முகத்தில் அடித்த சூட்டில் இருவரும் ஒரு அடி பின்வாங்கினார்கள். மேரி மூக்கைப் பிடித்துக்கொண்டு தன் பையைத் தேடப் போனாள். யுவராணி டிரைவர் சீட் பக்கமே நின்றுவிட்டாள்.

முருகன் படத்தில் கடைசியாகப் போட்ட சாமந்திச் சரம் அப்படியே தொங்கியது. அவள் தொட்டதும் ஒரு பூ அப்பளம் மாதிரி நொறுங்கியது. மஞ்சள் நிறம்கூட அவ்வளவாகப் போகவில்லை.

“மேரிக்கா, இங்க வா. நடுவுல எத்தன மழ பேஞ்சிது? இதுல பூசணமே இல்ல பாரேன்.”

“அதுக்கு?”

“மொட்டமாடியில ஆவாதது இதுக்குள்ள ஆவும்க்கா.”

மேரி அவளை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு பஸ்ஸைப் பார்த்தாள். “வூட்டுல நம்மள வெளிய தள்ளப்போறாங்க” என்றாள். ஆனால் வேண்டாம் என்று சொல்லவில்லை.

இருவரும் தங்கள் பி.எஃப். பணத்தைப் போட்டு அந்தப் பஸ்ஸை வாங்கி, அது நின்ற பொட்டலையே வாடகைக்குப் பிடித்தார்கள். பாலக்கோட்டில் பட்டறை வைத்திருந்த வெல்டர் தர்மனை அழைத்து விஷயத்தைச் சொன்னபோது அவர் வெகுநேரம் சிரித்தார். “பஸ்ஸுக்கு ஏசி போடச் சொன்னவங்களப் பாத்திருக்கன். அடுப்பாக்கித் தரச் சொன்னது நீங்கதாங்க மொதல்ல.”

சிரித்தாலும் வேலையில் இறங்கிவிட்டார். வெயிலை இழுக்கட்டும் என்று கூரை முழுக்கக் கறுப்புப் பெயின்ட் அடித்தார். முதல் சரக்கில் ரெக்சின் வாடை வந்தது, சீட்டுகளையெல்லாம் கழற்றினார். அடுத்ததில் கண்ணாடி முழுக்க ஆவி பிடித்துத் தண்ணீராகச் சொட்டியது. கூரையில் ஓட்டை போட்டு இரண்டு ஃபேன் வைத்தார். அதற்கும் அடுத்ததில் துண்டுகள் கருத்துப்போயின. நேர் வெயில் படுவதால்தான் கருக்கிறது என்று மேரி சொன்னாள். தன் பழைய மெல்லிய நூல் புடவைகளைக் கொண்டுவந்து ஜன்னல்களில் கட்டினாள். அந்தச் சரக்கு நன்றாகச் சிவந்து, கையில் எடுத்தால் கலகலவென்றிருந்தது.

ராஜாமணி ஒரு துண்டை வாயில் போட்டு மென்றார். “அட, புளிப்பு அப்படியே நிக்குதே!” என்றவர் இன்னொன்று எடுத்தார். பிறகு தோளில் கிடந்த துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டே தோட்டத்தைப் பார்க்கப் போய்விட்டார்.

சேலத்தில் சூப் பொடி செய்கிறவர் ஒருவர் முதலில் வாங்கினார். பிறகு மசாலா கம்பெனிகள் கேட்டு வந்தன. வேலைக்கு ஆள் தேவைப்பட்டபோது வந்தவர்களெல்லாம் பழைய பஸ் தோழிகளே. முன்பு உட்கார்ந்து வந்த அதே பஸ்ஸில் இப்போது நின்றுகொண்டு தட்டுகளைப் புரட்டினார்கள். வியர்த்துக் கொட்டும். பேச்சும் பாட்டும் மட்டும் குறையவில்லை. டிபன்பாக்ஸைத் திறந்தால் எல்லோருடைய குழம்பும் எல்லோருக்கும்.

அதைப் பார்த்துப் பாப்பாரப்பட்டியில் ஒருவர் முருங்கைக்கீரை காயவைக்க ஆரம்பித்தார். பாலக்கோட்டில் இருவர் கறிவேப்பிலைக்கு இறங்கினார்கள். அவர்களுக்காகத் தேடியும் தர்மனுக்குப் பஸ் கிடைக்கவில்லை. இரும்புக் குழாயும் வெயில் ஊடுருவும் பாலிகார்பனேட் தகடும் வைத்து, யுவராணிக்கும் மேரிக்கும் சேர்த்து, கூடங்களாகவே கட்டிக்கொடுத்தார். இன்று அவர் பட்டறையில் அந்த வேலை மட்டும்தான் நடக்கிறது. விலை விழுந்த வாரங்களில் மாரண்டஹள்ளிக்காரர்கள் தக்காளியை ரோட்டோரம் கொட்டுவதில்லை, இவர்களிடம் கொண்டுவருகிறார்கள். யுவராணிக்கும் மேரிக்கும் வேலையும் பெரிதாகிவிட்டது. இருவரும் சேர்ந்து சாப்பிட்டே பல வாரம் ஆகியிருந்தது. ஒருத்தி சேலத்தில் இருந்தால் இன்னொருத்தி பெங்களூரில்.

பஸ்ஸை எடுக்கும் பேச்சு வந்த சமயம், பென்னாகரம் பக்கத்துக் கிராமத்திலிருந்து கவிப்பிரியா என்ற பெண் வந்தாள். திருப்பூர் மில்லிலிருந்து ஊருக்குத் திரும்பியவள். அவளும் நான்கைந்து பெண்களும் சேர்ந்து நெல்லிக்காய் உலர்த்தப் பார்க்கிறார்கள்.

“அக்கா, அந்தப் பஸ்ஸ எங்களுக்குக் குடுத்துடுங்கக்கா. நாங்க எப்படியாச்சும் கொண்டுபோயிக்கறோம்.”

யுவராணிக்கு முகம் மலர்ந்துவிட்டது. உடனே தர்மனை வரவழைத்தாள். அவர் பஸ்ஸுக்கு அடியில் படுத்துப் பார்த்துவிட்டு, கையெல்லாம் துருவோடு எழுந்தார்.

“தரை பூரா அரிச்சிப்போச்சிங்க. தூக்குனா ரெண்டா வுழும். இந்தப் புள்ளைங்களுக்கு நான் புதுசாவே கட்டித் தர்றங்க. இத அறுத்துடலாம்.”

அறுக்கிற அன்று காலை யுவராணி பஸ்ஸுக்குள் ஏறினாள். மேரி முன்பே அங்கே இருந்தாள், வெறும் தரையில், கால் நீட்டி உட்கார்ந்து.

“நீதான எடுக்கச் சொன்ன?” என்றாள் யுவராணி.

“சொன்னன். அதுக்காக அழுவக்கூடாதா?”

யுவராணி பக்கத்தில் உட்கார்ந்தாள். வேலைக்காரர்கள் வெளியே காத்திருந்தார்கள். யார் யார் எந்த சீட்டில் உட்காருவார்கள் என்று மேரி ஒவ்வொரு இடமாகக் காட்டிச் சொல்லிக்கொண்டே வந்தாள். பாடுகிறவளின் பெயர் மட்டும் இருவருக்கும் நினைவுக்கு வரவில்லை. அதற்காக ஒருவரையொருவர் திட்டிக்கொண்டார்கள்.

கேஸ் கட்டர் சத்தம் சாயங்காலம் வரை கேட்டது. மறுநாள் வந்து பார்த்தபோது வாசல் அகலமாகக் கிடந்தது. ராஜாமணி தன் டெம்போவை ஒரே வீச்சில் திருப்பி நிறுத்திவிட்டு, “இப்பத்தான் சவுகரியம்” என்றார். யுவராணிக்கு அவர்மேல் கோபம் வந்தது. பிறகு சிரித்துவிட்டாள்.

தை பிறந்ததும் கவிப்பிரியா இருவரையும் அழைத்திருந்தாள். பென்னாகரத்தில் இறங்கி ஆட்டோ பிடித்துப் போனார்கள். ஊருக்கு வெளியே மேட்டில் தர்மன் கட்டிய கூடம். உள்ளே பெண்கள் நெல்லிக்காய்த் தட்டுகளைப் புரட்டிக்கொண்டிருந்தார்கள். ஒருத்தியின் நிச்சயதார்த்தத்தைப் பற்றி மற்றவர்கள் கேலி செய்ய, அவள் கையிலிருந்த நெல்லிக்காயை எடுத்து எறிய, கூடமே அதிர்ந்தது.

“சத்தம் போடாதீங்கடி, அக்காங்க வந்திருக்காங்க” என்று கவிப்பிரியா அதட்டினாள்.

“இருக்கட்டும் விடும்மா” என்றாள் யுவராணி.

சாப்பாட்டு நேரத்தில் எல்லோரும் வட்டமாக உட்கார்ந்தார்கள். ராகிக் களியும் கீரைக் குழம்பும். ஒவ்வொருத்தியும் தன் டப்பாவிலிருந்து அள்ளி இவர்கள் தட்டில் வைத்தாள். மேரி ஒரு பெண்ணிடம் அவளுடைய மாப்பிள்ளையைப் பற்றி விசாரித்துக்கொண்டிருந்தாள். யுவராணி பேசாமல் அவர்களையே பார்த்தபடி சாப்பிட்டாள். இன்று சாப்பாடு இறங்கியது.

வெயில் சாய்ந்தது. ஆட்டோக்காரர் வெளியே ஹாரன் அடித்தார்.

“போலாமா யுவா? பஸ்ஸ வுட்டுடுவோம்.”

“அடுத்ததுல போலாம்க்கா” என்றாள் யுவராணி. ஒரு தட்டை இழுத்து மடியில் வைத்துக்கொண்டு நெல்லிக்காயைப் புரட்ட ஆரம்பித்தாள்.