ரூசல்பாக் கூரைகளில் உட்கார்ந்த நெருப்பு

ஞாயிறு பூசை முடிந்து ஊர் மொத்தமும் பன்றி வறுவலுக்கு முன்னால் கத்தியும் முள்கரண்டியுமாக உட்கார்ந்த நேரத்தில், ரூசல்பாக் தீயணைப்பு நிலையத்தின் சங்கு அலறியது. ரொட்டிக்கடை க்விரின் வீட்டுக் கூரையில் ஒரு நெருப்பு வந்து உட்கார்ந்திருந்தது. அடைகாக்கும் கோழி அளவுதான் இருக்கும். புகை இல்லை, சத்தம் இல்லை. முகட்டு ஓட்டின் மேல் உட்கார்ந்து ஊரைப் பார்த்துக்கொண்டிருந்தது. தேவாலயத்தில் மாலை மணி அடித்த பிறகுதான் முதல் ஓட்டைக் கடித்தது.

தீயணைப்புப் படை உடனே வந்துவிட்டது. எங்கள் ஊர்ப் படையில் யாருக்கும் சம்பளம் கிடையாது, தாகம் எல்லோருக்கும் உண்டு. தலைக்கவசம் மின்ன, மார்பில் பதக்கங்கள் ஆட, வரிசையாக நின்று அண்ணாந்து பார்த்தார்கள். தண்ணீர் மட்டும் யாரும் ஊற்றவில்லை. அதற்குத் தக்க காரணம் இருந்தது. படையின் நூற்றைம்பதாவது ஆண்டுவிழா நெருங்கிக்கொண்டிருந்தது. விழாவுக்கென்று பெரிய சிவப்பு வண்டி ஒன்று வந்து நிலையத்தில் நின்றது. பாதிரியார் விழா மேடையில் மந்திரித்து, புனித நீர் தெளிக்கும்வரை புது வண்டி வேறெந்த நீரையும் தொடக்கூடாது என்பது வழக்கம். பழைய வண்டியையோ, புதுசு வந்த மகிழ்ச்சியில், மறுநாளே பக்கத்து ஊருக்கு விற்றுவிட்டிருந்தார்கள். அந்த ஊர்ப் படையைக் கூப்பிட்டால் அவர்கள் பேரப்பிள்ளைகள் காலம்வரை சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்கள். வாளியால் ஊற்றலாமே என்று யாரோ கேட்டதற்குப் படைத்தலைவர் கோர்பினியன் ஹாஸ்லிங்கருக்குக் கோபம் வந்துவிட்டது.

"வாளியா? நாம என்ன ராஜா காலத்துலயா இருக்கோம்?"

இந்த நாட்டில் ராஜா காலத்தில் மரத்தட்டில் மந்திரம் எழுதி, தீ அணையும் என்று நெருப்புக்குள் வீசச் சொல்லி அரண்மனையே உத்தரவு போட்டது உண்டு. அந்த மடமையெல்லாம் ஒழிந்துவிட்டது என்பதில் எங்கள் ஊருக்குப் பெருமை அதிகம். அந்தப் பெருமையோடுதான் க்விரின் தன் வீட்டுச் சுவரில் வரைந்திருந்த புனித ஃப்ளோரியானின் முன் போய் மண்டியிட்டார். எரியும் வீட்டின் மேல் தண்ணீர் கவிழ்த்துக்கொண்டிருக்கும் அந்தப் புனிதரிடம் எங்கள் பக்கத்தில் எல்லோரும் கேட்பது ஒன்றுதான்: என் வீட்டை விட்டுவிடு, எரித்தே தீரவேண்டுமென்றால் வேறு யார் வீட்டையாவது எடுத்துக்கொள். க்விரின் கேட்டு முடிப்பதற்குள் நெருப்பு எழுந்து, பறவைபோல் ஒரு தத்துத் தத்தி, பக்கத்தில் இருந்த கசாப்புக்கடை க்சாவரின் கூரையில் உட்கார்ந்துகொண்டது. க்விரின் எழுந்து முழங்காலைத் தட்டிவிட்டுக்கொண்டு சாப்பிடப் போனார்.

அந்தக் கோடை முழுவதும் நெருப்பு இப்படியே, மாலை மணிக்கு ஓட்டைக் கடிப்பதும் ஜெபம் கேட்டுத் தத்துவதுமாக, வீடு வீடாகப் போயிற்று. ஒவ்வொருவரும் அதைப் பக்கத்து வீட்டுக்காரருக்கு அனுப்பிவிட்டு, அவருக்கே நேரில் போய் ஆறுதலும் சொன்னார்கள். சாமியே இல்லை என்று பள்ளியில் பாடம் நடத்தும் ஆசிரியர், மனைவி குளிக்கப் போன நேரம் பார்த்துத் தோட்டத்தில் செடிக்குப் பின்னால் மண்டியிட்டார். படைத்தலைவர் நெருப்பு வரும்வரைகூடக் காத்திருக்கவில்லை. நாலு வீடு தள்ளி இருந்தபோதே முழுச் சீருடையில் ஜெபிக்கத் தொடங்கிவிட்டார். அது அவர் கூரையைத் தொடாமல் தாண்டிப்போயிற்று. ஊரில் ஒரு வீடும் எரியவில்லை என்று மாவட்டப் பத்திரிகை படையைப் பாராட்டி எழுதியது. படையினர் ஒருவருக்கொருவர் புதிய பதக்கங்கள் குத்திக்கொண்டார்கள்.

இப்படி வந்த நெருப்பு, தெருவின் கடைசி வீட்டில் வந்து உட்கார்ந்தது. அது அஃப்ரா விம்மரின் வீடு. அஃப்ரா பண்ணைகளில் பால் எடுக்கும் லாரி ஓட்டுகிறவள். அப்பா விட்டுப்போன நாலு சுவருக்கு மேல், மூன்று கோடை வெயிலில் தானே ஏறி நின்று ஓடு வேய்ந்தவள். அதைத் தவிர அவளுக்குச் சொத்து கிடையாது. படையில் சேர்த்துக்கொள்ளுங்கள் என்று பலமுறை கேட்டிருக்கிறாள். காபி போடத் தெரியுமா என்று பலமுறை பதில் வந்திருக்கிறது. அவள் வீட்டுச் சுவரில் ஃப்ளோரியான் கிடையாது. அவள் வீட்டுக்கு அடுத்து வீடும் கிடையாது. அங்கே இருந்தது தீயணைப்பு நிலையம்.

இந்த விவரம் படைத்தலைவருக்கு பீர் கிளாஸின் பாதியில்தான் உறைத்தது. படை மொத்தமும் ஓடி வந்தது. அந்த நூற்றைம்பது ஆண்டுகளில் அவர்கள் அவ்வளவு வேகமாக ஓடியதில்லை.

"அஃப்ரா, நீ மட்டும் ஜெபம் பண்ணிடாதம்மா!" படைத்தலைவருக்கு மூச்சு இரைத்தது.

"ஏன்? நீங்க எல்லாரும் பண்ணினீங்கல்ல?"

"நீ பண்ணினா அது நேரா நிலையத்துக்குப் போயிடும். உள்ள வண்டி நிக்குது. பூ எல்லாம் கட்டி வெச்சிருக்கோம்."

"அப்போ பூவைப் பிச்சுப்போட்டுட்டு வண்டியை எடுங்க. வந்து அணைங்க."

"இன்னும் மந்திரிக்கலையே!"

"பாதிரியார் உங்க பின்னாடிதான நிக்கிறார்? இப்பவே மந்திரிக்கச் சொல்லுங்க."

பாதிரியார் படைத்தலைவரைப் பார்த்தார். படைத்தலைவர் தலையாட்டி மறுத்தார். "அழைப்பு அடிச்சாச்சு ஃபாதர். கூடாரம் சொல்லியாச்சு. மந்திரி வேற வர்றார்."

கசாப்புக்கடை க்சாவர் சமாதானத்துக்கு வந்தார். "உன் வீடு சின்னதுதானே அஃப்ரா. எரிஞ்சா எரியட்டும். ஊரே சேர்ந்து வந்து செங்கல் தூக்கும்."

"நான் ஓடு தூக்கினப்போ ஊர் என்ன தூக்கிச்சுன்னு எனக்குத் தெரியும் க்சாவர். எதிர்க் கடையில உட்கார்ந்து கிளாஸ் தூக்கிச்சு."

கெஞ்சுவதற்கு எங்கள் பக்கத்தில் ஒரு முறை உண்டு. ஞானஸ்நானக் குழந்தைக்கு இருப்பதுபோல் விழாவுக்கும் ஞானத்தந்தையாக இருக்கச் சொல்லி ஒரு படை இன்னொரு படையிடம் கேட்கும்போது, கூர்விளிம்பு மேலே இருக்கும்படி பிளந்த விறகின் மேல் மண்டியிட வேண்டும். அந்த வசந்தத்தில்தான் பக்கத்து ஊரிடம் அப்படி மண்டியிட்டு, குடிக்கச் சொன்னதையெல்லாம் குடித்துவிட்டு வந்திருந்தார்கள். அதே விறகை நிலையத்திலிருந்து தூக்கி வந்து அஃப்ராவின் வாசலில் போட்டு, படைத்தலைவர் முதல் கொடி பிடிப்பவர்வரை வரிசையாக அதன்மேல் மண்டியிட்டார்கள். ஒரு பெண்ணிடம் அவள் வீடு எரியட்டும் என்று கேட்பதற்காக ஒரு தீயணைப்புப் படை மண்டியிட்டதை எங்கள் ஊர் அன்றுதான் பார்த்தது. பார்த்தவர்கள் யாரும் அதில் தவறு எதையும் காணவில்லை.

அஃப்ரா அவர்களை மேலும் கீழும் பார்த்தாள்.

"எந்திரிங்க. நான் ஜெபம் பண்ணப் போறதில்லை. உங்க வண்டிக்காக இல்லை, அது கரியானா எனக்கு என்ன? நீங்க பண்ணின அசிங்கத்தை நானும் பண்ணணுமான்னுதான்."

மாலை மணிக்குக் கொஞ்ச நேரமே இருந்தது. அவள் ஏணியைச் சாய்த்து மேலே ஏறினாள். ஏணி ஆடியதைக் கீழே இருந்தவர்களும் பார்த்தார்கள். ஏணியைப் பிடித்துக்கொள்ள யாருக்கும் தோன்றவில்லை. முகட்டில் நெருப்புக்கு எதிரே உட்கார்ந்து, அவள் அதனிடம் பேசினாள்.

"இருக்கணும்னா இரு. யாரும் விரட்டலை. ஆனா ஓட்டைக் கடிக்கக் கூடாது. நான் வேய்ஞ்சது."

மணி அடித்தது. நெருப்பு கடிக்கவில்லை. கொஞ்சம் நகர்ந்து, வசதியாக உட்கார்ந்துகொண்டது. இரு என்று அதனிடம் அதுவரை யாரும் சொன்னதில்லை. ஆகையால் மற்ற வீடுகளிலும் அது சொன்னபடி கேட்டிருக்குமா என்று உறுதியாகச் சொல்ல முடியாது.

விழா சிறப்பாக நடந்தது. வண்டி மந்திரிக்கப்பட்டது. மந்திரி படையின் துணிச்சலைப் பற்றிப் பேசினார். அவர் தலைக்கு மேலே பக்கத்துக் கூரையில் நெருப்பு எரிந்துகொண்டிருந்தது. அந்த வண்டி பிறகு ஒரு நிலவறைத் தண்ணீரை இறைத்ததோடு சரி. அஃப்ராவின் கூரையில் பனி தங்குவதில்லை. அவள் வீட்டு ஜன்னலோரத்தில் டிசம்பரில் தக்காளி காய்க்கிறது. புகைபோக்கி துடைப்பவர் ஆண்டுதோறும் வந்து பார்த்து, குறை ஒன்றும் இல்லை என்று சொல்லிவிட்டுப் போகிறார். வெளியூர்க்காரர்கள் வழி கேட்டால், நெருப்பு தெரிகிற வீட்டுக்கு முன்னால் திரும்புங்கள் என்கிறோம்.

பிறகு வீட்டைச் சூடாக்க எரிவாயு கிடைக்காத ஒரு குளிர்காலம் வந்தது. ரூசல்பாக்கில் எல்லோரும் வீட்டுக்குள் மேல்கோட்டு போட்டுக்கொண்டு சாப்பிட்டார்கள். ஒரு காலை, படைத்தலைவர் கையில் பிளம் சாராயப் புட்டியோடு அஃப்ராவின் வாசலுக்கு வந்தார். க்விரினும் க்சாவரும் ஆசிரியரும் ஆளுக்கொரு புட்டியோடு அவருக்குப் பின்னால் நின்றார்கள்.

"ஒரு வாரம் மட்டும் அதை எங்க வீட்டுக்கு அனுப்பேன் அஃப்ரா. வீட்ல அவளுக்கு மூட்டு வலி."

"நான் என்ன கட்டியா வெச்சிருக்கேன்? கூப்பிடுங்க. வந்தா கூட்டிட்டுப் போங்க."

படைத்தலைவர் தொப்பியைக் கழற்றினார். கை குவித்துக் கூரையை அண்ணாந்து பார்த்தார். நெருப்பும் அவரைப் பார்த்தது. "என் வீட்டை..." என்று வழக்கம்போல் தொடங்கி, நிறுத்திக்கொண்டார். பின்னால் நின்றவர்களைத் திரும்பிப் பார்த்தார்.

"வான்னு சொல்ல எங்ககிட்ட ஜெபம் இல்லையே அஃப்ரா. போன்னு சொல்லத்தான் எங்களுக்குத் தெரியும்."